யோஸ்ட் வகானோ: நீர்மூழ்கிக்குள் ஓடிய கேமரா எப்படி வேலை செய்தது?

பிலிம்சுருள் | #1

ஜெர்மன் ஒளிப்பதிவாளர் யோஸ்ட் வகானோ பற்றி விவரமாகப் பேச ஓர் இழை. தொடங்கிவைக்க ஒரு கேள்வி. 1981இல் வந்த ‘டாஸ் போட்’ என்ற நீர்மூழ்கிப் படத்தில் அபாய மணி அடித்ததும் மாலுமிகள் கப்பலின் முன்முனையை நோக்கி ஓடுவார்கள். எடை முன்பக்கம் சேர்ந்தால் கப்பல் சீக்கிரம் மூழ்கும் என்பதற்காக. கேமராவும் அவர்கள் பின்னாலேயே, வட்டமான கதவுத் துளைகளுக்குள் நுழைந்து நுழைந்து ஓடுகிறது. வெட்டே இல்லை. டிராக் போட இடமில்லை, ட்ராலி நுழையாது. பக்கச் சுவரைக் கழற்றிவிட்டு எடுத்தார்களா, உடம்பில் மாட்டிக்கொண்டு ஆட்டமில்லாமல் எடுக்கும் ஸ்டெடிகேமா, வேறு ஏதாவதா? “அற்புதம், அருமை” என்ற பதில்கள் வேண்டாம், செய்முறை தெரிந்தவர்கள் எழுதுங்கள்.

---

ஒளிமானி | #2

சுவரைக் கழற்றவில்லை. ஸ்டெடிகேமும் இல்லை. கையில் பிடித்த ஆரிஃப்ளெக்ஸ் கேமரா, அதோடு பொருத்திய இரண்டு ஜைரோஸ்கோப்கள் (பம்பரம்போல் வேகமாகச் சுழலும் சக்கரங்கள்). அந்த அமைப்பை வடிவமைத்தவரும் வகானோதான், தூக்கிக்கொண்டு ஓடியவரும் அவர்தான்.

மியூனிக் பக்கத்தில் கைசல்காஸ்டைக் என்ற இடத்தில் பவேரியா ஸ்டுடியோ இருக்கிறது. அங்கே ஏழு-சி வகை நீர்மூழ்கியின் உட்புறத்தை முழு நீளத்துக்கும் ஒரே குழாயாகக் கட்டினார்கள். தரையிலிருந்து சுமார் 5 மீட்டர் உயரத்தில், ஹைட்ராலிக் தாங்கிகள் மேல் நின்ற செட் அது. 45 டிகிரி வரை சாயும், ஆடும், அதிரும். அதற்குள் ஓடும்போது அடிபடாமல் இருக்க வகானோ உடல் முழுக்கத் திண்டு வைத்த உடுப்பு அணிந்திருந்தார்.

ஆளைப் பற்றிச் சுருக்கமாக. பிறந்தது 1934 மார்ச் 15, ஓஸ்னாப்ருக். பேட்டர் ஷமோனி இயக்கிய ‘ஷோன்சைட் ஃப்யூர் ஃப்யூக்ஸ’ (1966), ரோலண்ட் க்ளிக்கின் ‘சூப்பர்மார்க்ட்’ (1974), ஷ்லோன்டோர்ஃபும் ஃபோன் ட்ரோட்டாவும் சேர்ந்து எடுத்த ‘கத்தரீனா ப்ளும்’ (1975). பிறகு டச்சு இயக்குநர் பவுல் ஃபெர்ஹூவனோடு ‘சோல்டாட் ஃபான் ஒரான்ய’ (1977), ‘ஸ்பெட்டர்ஸ்’ (1980). வோல்ஃப்கங் பீட்டர்சனோடு ‘டாஸ் போட்’, ‘நெவர் எண்டிங் ஸ்டோரி’ (1984). அதன்பின் ஹாலிவுட்டில் மறுபடி ஃபெர்ஹூவனோடு ‘ரோபோகாப்’ (1987) தொடங்கி ‘ஹாலோ மேன்’ (2000) வரை.

இந்த வரிசையில் முதலில் பார்க்க வேண்டியது ‘சூப்பர்மார்க்ட்’. ஹாம்பர்க் தெருக்களில் ஒரு பையன் ஓடிக்கொண்டே இருக்கும் படம். கேமரா ஓரமாக நின்று வேடிக்கை பார்க்காமல் அவனோடு ஓடுகிறது. ஸ்டெடிகேம் திரைக்கு வந்ததே 1976இல்தான் என்பதை மனதில் வைத்துக்கொண்டு பாருங்கள். நீர்மூழ்கிக்குள் நடந்தது திடீரென்று உதித்த யோசனை இல்லை என்று புரியும்.

---

வெள்ளித்திரை_வேலு | #3

ஒளிமானி சார், ஒரு சந்தேகம். 1980இல் ஸ்டெடிகேம் கைக்கெட்டும் கருவிதானே? அதை ஏன் எடுக்கவில்லை?

---

ஒளிமானி | #4

நுழையாது வேலு, அவ்வளவுதான் காரணம். ஸ்டெடிகேமில் உடம்பில் மாட்டும் கவசம், அதிலிருந்து நீளும் ஸ்பிரிங் கை, அந்தக் கையின் நுனியில் ஒரு செங்குத்துக் கம்பி. கம்பியின் மேலே கேமரா, கீழே பேட்டரியும் மானிட்டரும். எடையை இப்படிப் பிரித்து வைப்பதால்தான் அது அலையாமல் நிற்கிறது. அதாவது, அந்த நீளமும் பரப்பும்தான் அதன் வித்தையே. கேமரா உடம்பிலிருந்து தள்ளி மிதக்கவும் சுற்றிலும் இடம் வேண்டும்.

நீர்மூழ்கியின் கதவு வட்டத் துளை. தலையைக் குனிந்து, காலைத் தூக்கித் தாண்டி, கிட்டத்தட்டப் பாய்ந்து நுழைய வேண்டும். ஆள் நுழையவே அவ்வளவு பாடு. கம்பியின் அடிமுனை கீழ்விளிம்பில் இடிக்கும், கை பக்க விளிம்பில் இடிக்கும். ஜைரோ அமைப்பில் எல்லாமே கேமராவின் உடம்போடு ஒட்டிய சிறு கட்டு. துளைக்கு முன்னால் கையை நீட்டிக் கேமராவை முதலில் உள்ளே அனுப்பலாம், ஆள் பின்னால் நுழையலாம்.

---

சுழல்அச்சு | #5

ஜைரோ விஷயத்தைக் கொஞ்சம் விரித்து எழுதுகிறேன். பலர் “ஜைரோ வைத்தால் ஆடாது” என்று நினைப்பது பாதிதான் சரி.

சுற்றும் பம்பரத்தைச் சாய்க்கப் பாருங்கள், எதிர்க்கும். அதே பம்பரத்தைத் தட்டில் வைத்து மேலும் கீழும் தூக்குங்கள், கொஞ்சமும் எதிர்க்காது. ஜைரோவும் அப்படியே. கேமரா திரும்புவதையும் சாய்வதையும் எதிர்க்கும். இடம் பெயர்வதை எதிர்க்காது. ஆகவே ஓடும்போது வரும் மேல்கீழ்த் துள்ளலை ஜைரோ தாங்காது. அதை மடக்கிய முழங்காலும் தளர்ந்த கையும்தான் தாங்க வேண்டும். நல்ல வேளையாக, திரையில் கண்ணை உறுத்துவது பெரும்பாலும் கோண ஆட்டம்தான். மூன்று மீட்டர் தள்ளி இருக்கும் முகம், கேமரா இரண்டு சென்டிமீட்டர் மேலே போனால் இரண்டு சென்டிமீட்டர்தான் நகர்ந்ததாகத் தெரியும். அதே கேமரா இரண்டு டிகிரி சாய்ந்தால் அந்த முகம் பத்து சென்டிமீட்டர் நகர்ந்ததுபோல் தெரியும்.

ஏன் இரண்டு ஜைரோ? ஒரு பம்பரம் தன் அச்சையே சுற்றி வரும் திருப்பத்தைத் தடுக்காது. மற்ற இரண்டு திசைகளில்தான் தடுக்கும். இன்னொன்றைச் செங்குத்தாக வைத்தால் விட்டுப்போன மூன்றாவது திசையும் அடைபடும்.

தப்பாகப் போகும் இடங்கள் இவை. பம்பரத்தை ஒரு பக்கம் தள்ளினால் அது செங்கோணத்தில் வேறு பக்கம் நழுவும். வேகமாகப் பேன் செய்தால் (கேமராவை இடவலமாகத் திருப்பினால்) கேமரா மேலேயோ பக்கவாட்டிலோ தானாக முறுக்கிக்கொள்ளும். எனவே திருப்பங்களை மெதுவாக, உடம்போடு சேர்த்துச் செய்ய வேண்டும், மணிக்கட்டால் வெடுக்கென்று திருப்பக் கூடாது. அடுத்தது, சக்கரம் முழு வேகம் எடுக்க நேரம் பிடிக்கும். “ரெடி, டேக்” என்றதும் போட்டு எடுக்கிற கருவி இல்லை. சுழலும்போது ரீங்காரமும் வரும்.

---

ரீல்பெட்டி | #6

அந்த ரீங்காரத்தோடு கேமரா சத்தத்தையும் சேர்த்துக்கொள்ளுங்கள். அந்த ஆரிஃப்ளெக்ஸின் மாடலான ஆரி டூ-சியில் ஒலித்தடுப்பு உறை கிடையாது. தையல் மெஷின் மாதிரி கடகடவென்று ஓடும். இரும்புக் குழாய் மாதிரியான செட்டுக்குள் அந்தச் சத்தம் இன்னும் கூடும். அதனால் செட்டில் பதிவான வசனம் பயன்படவில்லை, பின்னால் டப்பிங்தான். ஜெர்மன் நடிகர்கள் பலர் ஆங்கில வடிவத்துக்கும் தாங்களே குரல் கொடுத்தார்கள்.

தமிழ்ப் படத் தொழில் தெரிந்தவர்களுக்கு இது புதிதாக இருக்காது. இங்கேயும் பல வருஷம் அவுட்டோர் யூனிட்டின் முதுகெலும்பு டூ-சிதான். நம் படங்களில் டப்பிங் வேரூன்றியதற்கு அந்தக் கேமராவின் சத்தமும் ஒரு காரணம்.

ஓடுகிறவர்களுக்கு டூ-சி ஏன் தோது என்றால், மோட்டாரே அடியில் கைப்பிடியாக இருக்கும். வலது கையில் அதைப் பிடித்தால் கேமரா கையோடு சேர்ந்துவிடும். 120 மீட்டர் மேகசின் 24 ஃப்ரேமில் சுமார் நாலரை நிமிடம் ஓடும். 60 மீட்டர் மேகசின் இரண்டே கால் நிமிடத்துக்கும் கொஞ்சம் குறைவு. முழுக் கப்பலையும் ஓடிக் கடக்க இருபது நொடிகூட ஆகாது. ஆகவே இந்த மாதிரி ஷாட்டுக்குச் சின்ன மேகசின் தாராளம், தலைப்பாரமும் குறையும்.

ஒரு எச்சரிக்கை. டூ-சியில் கண் ஐபீஸிலிருந்து (கண் வைத்துப் பார்க்கும் குழலிலிருந்து) விலகினால் வெளிச்சம் அதன் வழியே பின்னோக்கிப் போய் நெகட்டிவைப் புகையடித்துவிடும். கண்ணை எடுத்துவிட்டு ஓடும் ஷாட்டில் ஐபீஸை மூடியே ஆக வேண்டும். மூட மறந்தால் ஷாட் முழுக்க மங்கல் படரும், லேபில் நெகட்டிவைக் கழுவின பிறகுதான் தெரியும்.

---

வெள்ளித்திரை_வேலு | #7

கண்ணை எடுத்துவிட்டு ஓடினால் ஃபோகஸ் யார் பார்ப்பது? அந்த இடுக்கில் ஃபோகஸ் புல்லர் (குவியத்தைச் சரிசெய்யும் உதவியாளர்) கூட ஓட முடியாதே.

---

ஒளிமானி | #8

கணக்குதான் ஃபோகஸ் புல்லர். உதாரணத்துக்கு 18 எம்எம் லென்ஸ், துளை (லென்ஸின் அபர்ச்சர்) 2, குவியத்தை 2 மீட்டரில் பூட்டிவிடுங்கள். மங்கல் வட்டம் (கூர்மை என்று ஏற்கக்கூடிய புள்ளியின் அளவு) 0.025 எம்எம் என்று வைத்தால், சுமார் 1.5 மீட்டரிலிருந்து 2.9 மீட்டர் வரை கூர்மையாக இருக்கும். முன்னால் ஓடுகிறவன் முதுகை அந்த எல்லைக்குள் வைத்திருப்பது ஓடுகிறவரின் பொறுப்பு. துளையை 1.4 ஆகத் திறந்தால் எல்லை 1.6 முதல் 2.5 வரை சுருங்கிவிடும். ஓட்டத்தில் அது ரொம்பக் கஷ்டம்.

இங்கேதான் வெளிச்சக் கணக்கு வந்து கழுத்தைப் பிடிக்கும். அந்தக் காலத்தில் பரவலாக இருந்த கோடக் 5247 நெகட்டிவின் ஒளியுணர்வு வேகம் 100 ஏஎஸ்ஏ. 180 டிகிரி ஷட்டரில் துளை 2.8க்கு 100 ஃபுட் கேண்டில் (வெளிச்சத்தின் அளவு) வேண்டும், துளை 2க்கு 50, துளை 1.4க்கு 25. லேபில் ஒரு ஸ்டாப் தள்ளினால் (நெகட்டிவைக் கூடுதலாகக் கழுவினால்) பாதி போதும், ஆனால் கிரெய்ன் (படத்தின் புள்ளிக் கரகரப்பு) ஏறும், நிழலின் ஆழம் வெளுக்கும். சாதாரண மஞ்சள் பல்பு எரியும் இடுக்கில் பல்புக்கு அடியில் ஐம்பது கிடைக்கும், இரண்டு மீட்டர் தள்ளினால் ஏழெட்டுக்கு இறங்கிவிடும். வெளியே விளக்கு வைக்க வழியில்லை, ஏனென்றால் சுவர் மூடியிருக்கிறது. ஃப்ரேமுக்குள் தெரியும் விளக்குகளையே வெளிச்சத்துக்கான விளக்குகளாக நம்ப வேண்டும். எங்கே எத்தனை வாட் பல்பு, எந்தக் குழாய்க்குப் பின்னால் ஒளித்த பல்பு என்பதே அந்தப் படத்தின் லைட்டிங் பிளான்.

முகங்கள் வெளிறிக்கொண்டே போவது லைட்டிங் மட்டுமில்லை. படப்பிடிப்பு நடந்த மாதங்களில் நடிகர்களை வெயிலில் போகவிடவில்லை. கதை வரிசையிலேயே எடுத்ததால் தாடி வளர்ந்ததும் நிஜம்.

---

கருவிழி | #9

சிவப்பு வெளிச்சக் காட்சிகளைப் பற்றி யாரும் சொல்லவில்லை. இருட்டில் மேலே ஏறிக் காவல் நிற்கிறவனின் கண் இருட்டுக்குப் பழகியே இருக்க வேண்டும் என்பதற்காக நீர்மூழ்கிகளில் சிவப்பு விளக்கு. படத்திலும் அதுவே.

கலர் நெகட்டிவில் சுத்தச் சிவப்பு ஆபத்தான சமாசாரம். மூன்று அடுக்குகளில் சிவப்பை உணரும் அடுக்கு எல்லாவற்றுக்கும் அடியில் இருக்கிறது. மேலே இரண்டு அடுக்குகளைக் கடந்து வரும்போது ஒளி சிதறிவிடும். மற்ற இரண்டு அடுக்கும் காலி. அதனால் படம் மொழுமொழுவென்று, கூர்மை கெட்டு, கிரெய்னோடு வரும். லைட் மீட்டரும் ஏமாற்றும், போதுமான வெளிச்சம் இருப்பதாகக் காட்டும். தப்பிக்க வழி, சிவப்போடு கொஞ்சம் வெள்ளை அல்லது மஞ்சள் கசிய விடுவது. கண்ணுக்கு இன்னும் சிவப்பாகவே தெரியும், ஆனால் மூக்கு ஓரத்திலும் கண் ஈரத்திலும் விவரம் நிற்கும். இன்றைய டிஜிட்டல் சென்சாரிலும் இதே தொல்லை வேறு உருவில் உண்டு: சிவப்பு சேனல் மட்டும் முட்டி நின்றுவிடும்.

---

சுழல்அச்சு | #10

#5இல் விட்டுப்போன ஒன்று. எனக்கு இந்தப் படத்தின் ஒளிப்பதிவில் மிக முக்கியமாகப் படுவது இதுதான்.

செட் சாய்கிறது. கேமராவைச் செட்டோடு திருகிப் பூட்டியிருந்தால் கேமராவும் சேர்ந்து சாயும். ஜன்னல் இல்லாத இரும்புக் குழாய்க்குள் அடிவானம் இல்லை. அப்போது சாய்வை எதைக் கொண்டு காட்டுவது? தொங்கும் பாத்திரமும் நடிகனின் உடல் வளைவும் மட்டுமே சாட்சி. பார்க்கிறவனுக்கு நடிகர்கள் ஏதோ வளைந்து நிற்பதுபோல் இருக்கும், அவ்வளவுதான்.

ஜைரோ பூட்டிய கேமரா அப்படியில்லை. அது கப்பலோடு சாயாது, வெளியில் தனக்கென்று பிடித்த திசையிலேயே நிற்கப் பார்க்கும். அதைப் பிடித்திருப்பவரும் தன் காலை ஊன்றி, புவியீர்ப்புக்கு நேராக நிற்கப் பார்க்கிறார். ஆகவே ஃப்ரேமுக்குள் கப்பல்தான் கேமராவைச் சுற்றிச் சாய்கிறது. பார்க்கிறவன் வயிறு கலங்குவது இதனால்தான். ஆட்டத்தைக் குறைக்க வைத்த அதே கருவி, கப்பலின் ஆட்டத்தைக் கூட்டிக் காட்டுகிறது.

சுவரைக் கழற்றாத முடிவும் இதோடு சேர்ந்ததுதான். கப்பலில் ஓர் ஆள் நிற்க முடிகிற இடத்தில் மட்டுமே கேமரா நிற்கும். ஆவணப்பட கேமராமேனுக்கு இது விதி இல்லை, வேறு வழியே இல்லாத நிலைமை. வகானோ அந்த நிலைமையைக் கோடிக்கணக்கில் செலவழித்துக் கட்டிய செட்டுக்குள் தன் விருப்பத்தோடு வைத்துக்கொண்டார்.

---

நிழல்வெளி | #11

எல்லாம் சரி. ஆனால் ‘டாஸ் போட்’டுக்குப் பிறகு அமெரிக்காவில் அவர் செய்தது வெறும் கைவேலை என்பதே என் கருத்து. எஃபெக்ட்ஸ் ஆட்கள்தான் அந்தப் படங்களைச் செய்தார்கள். கேமராமேன் பச்சைத் திரைக்கு வெளிச்சம் போட்டார்.

---

கருவிழி | #12

நிழல்வெளி, இதில் முழுக்க மாறுபடுகிறேன்.

‘ரோபோகாப்’பின் உடுப்பை எடுத்துக்கொள்ளுங்கள், ராப் பாட்டின் செய்தது. பளபளக்கும் உலோகப் பரப்பை நேராக வெளிச்சம் அடித்துக் காட்ட முடியாது. எதிரே என்ன இருக்கிறதோ அதைத்தான் அது பிரதிபலிக்கும். ஸ்பாட் லைட் போட்டால் ஒரு வெள்ளைப் புள்ளி, சுற்றிலும் கறுப்பு. அதற்கு நீளமான, அகலமான ஒளிப் பரப்புகளை எதிரே வைத்து அவற்றின் பிரதிபலிப்பை உடுப்பின் வளைவில் ஓடவிட வேண்டும். கார் விளம்பரம் எடுக்கிறவர்களுக்கு இது தெரியும். கார் ஓரிடத்தில் நிற்கும், இங்கே உடுப்பு நடக்கிறது, திரும்புகிறது. ஒவ்வொரு அடிக்கும் பிரதிபலிப்பு மாறும், யூனிட் ஆட்களும் கேமராவும் அதில் தெரிந்துவிடும். டெட்ராய்ட் என்று கதை சொன்னாலும் பெரும்பகுதி எடுத்தது டல்லாஸில், அங்கத்திய கண்ணாடிக் கட்டிடங்கள் வேறு.

‘டோட்டல் ரீகால்’ (1990) மெக்சிகோ சிட்டியின் சுருபுஸ்கோ ஸ்டுடியோவில். செவ்வாய்க் கிரகம், அதனால் மறுபடி சிவப்பு. #9இல் எழுதிய அதே சங்கடம், இந்த முறை படம் நெடுக.

‘ஸ்டார்ஷிப் ட்ரூப்பர்ஸ்’ (1997) இன்னும் கடினம். வயோமிங்கின் பாறை வெளியில், நடிகர்கள் எதிரே இல்லாத பூச்சிகளைச் சுடுகிறார்கள். ஃபில் டிப்பெட்டின் குழு பின்னால் பூச்சிகளைச் சேர்க்கும். அப்படிச் சேர்க்க வேண்டுமானால் சூரியன் எந்தக் கோணத்தில், நிழல் எவ்வளவு கடுமையாக, துப்பாக்கி வெளிச்சம் எந்தத் திசையில் என்பதை ஒளிப்பதிவாளர் ஷாட்டுக்கு ஷாட் மாறாமல் வைத்திருக்க வேண்டும். ஃப்ரேமில் காலியாக இருக்கும் பக்கத்தில் எவ்வளவு பெரிய உருவம் வரும் என்று ஊகித்து இடம் விட வேண்டும். இடம் குறைந்தால் பூச்சியின் தலை வெட்டுப்படும், கூடினால் நடிகன் வெறுமையைப் பார்த்துக் கத்துவதுபோல் இருக்கும்.

கடைசிப் படமான ‘ஹாலோ மேன்’இல் கெவின் பேக்கனைக் காட்சிக்கு ஏற்பப் பச்சையாகவோ நீலமாகவோ கறுப்பாகவோ பூசி நிறுத்தினார்கள். ஆள் இருக்கும் ஷாட் ஒருமுறை, ஆள் இல்லாத வெறும் இடம் இன்னொரு முறை, கேமரா அசைவு மயிரிழை பிசகாமல். பச்சை உடம்பு பக்கத்துச் சுவரில் பச்சைச் சாயலை வீசும், எதிரே நிற்கும் நடிகையின் கன்னத்தில் ஏறும். அந்தக் கசிவைக் குறைப்பது செட்டில்தான் முடியும். இதைக் கைவேலை என்று ஒதுக்கினால் ஒளிப்பதிவில் மிச்சம் எதுவும் இல்லை.

---

நிழல்வெளி | #13

உடுப்பு விஷயத்தை ஒப்புக்கொள்கிறேன். அந்தக் கோணத்தில் யோசிக்கவில்லை. ஆனால் ‘டாஸ் போட்’ அளவுக்கு அவருடைய சொந்த முடிவு தெரியும் படம் பின்னால் வரவில்லை என்ற எண்ணம் மாறவில்லை. ஆஸ்கர் பரிந்துரை கிடைத்ததும் அதற்குத்தானே?

---

ஒளிமானி | #14

ஆமாம். 1983 விழாவில் அந்தப் படத்துக்கு ஆறு பரிந்துரைகள், ஒளிப்பதிவும் ஒன்று. ஒளிப்பதிவு விருது ‘காந்தி’க்காக பில்லி வில்லியம்ஸுக்கும் ரானி டெய்லருக்கும் போனது.

---

ரீல்பெட்டி | #15

கூடுதல் பங்கு கேட்டு வகானோ போட்ட வழக்கைப் பேசாமல் இந்த ஆளைப் பேசி முடிக்க முடியாது. தொழில்நுட்பம் இல்லாவிட்டாலும், கேமராமேன் யார் என்ற கேள்வி அதில்தான் இருக்கிறது.

‘டாஸ் போட்’டுக்கு அவர் வாங்கிய சம்பளம் 204,000 மார்க், யூரோவாக மாற்றினால் சுமார் 104,000. படம் தியேட்டர், தொலைக்காட்சித் தொடர், 1997இன் நீட்டித்த வடிவம், வீடியோ, டிவிடி என்று பல பத்தாண்டுகள் ஓடியது. ஜெர்மன் பதிப்புரிமைச் சட்டத்தில் 32ஏ என்று ஒரு பிரிவு. படைப்பாளி வாங்கிய ஊதியத்துக்கும் படைப்பு ஈட்டிய வருவாய்க்கும் கண்ணுக்குத் தெரிகிற அளவு பொருத்தமின்மை இருந்தால், ஒப்பந்தத்தைத் திருத்தி மேலும் நியாயமான பங்கு கேட்கலாம். அங்கே ஒளிப்பதிவாளர் படத்தின் இணைப் படைப்பாளி.

படிகள் இப்படி. முதலில் பணம் கேட்கவில்லை, கணக்கைக் கேட்டார். எவ்வளவு வந்தது என்று தெரியாமல் பொருத்தமின்மையை நிரூபிக்க முடியாது. தகவல் பெறும் அந்த உரிமை குறித்து உச்ச நீதிமன்றமான பிஜிஹெச் 2011 செப்டம்பர் 22இல் அவருக்குச் சாதகமாகத் தீர்ப்பளித்தது. அடுத்த சுற்று இரண்டு வழக்குகள். மியூனிக்கில் பவேரியா ஃபிலிம், டபிள்யூடிஆர் என்ற ஒளிபரப்பு நிறுவனம், வீடியோ நிறுவனம் ஆகியவற்றின் மேல் ஒன்று. ஸ்டுட்கார்ட்டில் ஏஆர்டி என்ற ஜெர்மன் பொது ஒளிபரப்புக் கூட்டமைப்பைச் சேர்ந்த எட்டு நிறுவனங்கள் மேல் இன்னொன்று. ஸ்டுட்கார்ட் மேல்முறையீட்டு நீதிமன்றம் 2018இல் சுமார் 315,000 யூரோ தர உத்தரவிட்டது. பிஜிஹெச் 2020இலும் 2021இலும் கணக்குப் போட்ட முறையில் குறை கண்டு வழக்குகளைத் திருப்பி அனுப்பியது.

சிக்கல் எங்கே என்றால், அந்தப் பிரிவு 2002 மார்ச் 28க்குப் பிந்தைய பயன்பாட்டுக்குத்தான் பொருந்தும். 1980இல் மொத்தமாக வாங்கிய ஒரே சம்பளத்தில் எந்தப் பங்கை எந்த நிறுவனத்தின், எந்த வருஷ வருவாயோடு ஒப்பிடுவது? மறுஒளிபரப்பு ஒவ்வொன்றின் மதிப்பு என்ன? இந்தக் கணக்குக்குத்தான் இத்தனை வருஷம். முதுமையில் ஒரு மனிதர் இவ்வளவு விடாப்பிடியாக நின்றதால்தான் மற்ற ஒளிப்பதிவாளர்களுக்கும் இப்போது ஒரு வழி தெரிகிறது.

---

பிலிம்சுருள் | #16

கேட்டதற்கு மேலேயே கிடைத்தது, எல்லோருக்கும் நன்றி. கடைசியாக ஒன்று. இன்று எலக்ட்ரானிக் கிம்பல் (மோட்டார்களால் கேமராவை ஆடாமல் பிடிக்கும் கருவி) வைத்து இப்படி ஒரு குறுகிய இடத்தில் ஓட வேண்டும் என்றால் எதை மாற்றிச் செய்வது? கிம்பலில் எடுத்தால் எல்லாமே வழுக்கிக்கொண்டு போகிற மாதிரி வருகிறதே.

---

சுழல்அச்சு | #17

வழுக்குவதற்குக் காரணம் கிம்பல் பேனையும் மென்மையாக்கிவிடுவது. உருளலை (பக்கவாட்டுச் சாய்வை) மட்டும் முழுசாகப் பூட்டுங்கள். பேனையும் டில்ட்டையும் (மேல்கீழ்த் திருப்பத்தையும்) ஃபாலோவில், அதாவது கை போகும் திசையில் போகும் முறையில் வைத்து, வேகத்தைக் கூட்டி, கை திரும்பினால் உடனே திரும்புகிற மாதிரி இறுக்குங்கள். மேல்கீழ்த் துள்ளலைக் கொல்லாதீர்கள், ஓடுகிற ஆளின் மூச்சு அதில்தான் இருக்கிறது. அகல லென்ஸ், ஃபோகஸைப் பூட்டுங்கள், ஆட்டோஃபோகஸ் வேண்டாம். கதவு விளிம்பு குறுக்கே வந்ததும் அது விளிம்புக்குத் தாவிவிடும்.

எடிட்டிங்கில் நிலைப்படுத்திக்கொள்ளலாம் என்று மட்டும் இருந்துவிடாதீர்கள். குறைந்த வெளிச்சத்தில் ஐம்பதில் ஒரு நொடி ஷட்டரில் எடுத்தால் ஒவ்வொரு அதிர்வும் ஃப்ரேமுக்குள்ளேயே மங்கலாகப் பதிந்துவிடும். மென்பொருள் ஃப்ரேமை நிறுத்தும், மங்கலை நிறுத்தாது. அசையாத படத்தில் விட்டுவிட்டு மங்கல் துடிக்கும், பார்க்க அசிங்கமாக இருக்கும். அதிர்வை ஒளி பதியும் முன்பே பிடிக்க வேண்டும், ஜைரோ செய்ததும் அதுதான்.

இன்னொன்று, ஓடும் வழியை விளக்கைப் போடாமல் மூன்று முறை வெறுங்கையோடு நடந்து, எந்தத் துளையில் எந்தக் கால் முதலில் என்று முடிவு செய்துவிட்டுத்தான் கேமராவைத் தொட வேண்டும்.